பிரசன்ன விதானகே: மூடிய சவப்பெட்டியைத் திறந்த திரை

பிரசன்ன விதானகே (பிறப்பு: மார்ச் 14, 1962) இலங்கையின் சிங்களத் திரைப்பட இயக்குநர், நாடக இயக்குநர். 1983 முதல் 2009 வரை நடந்த இலங்கை உள்நாட்டுப் போரை, அது நடந்துகொண்டிருந்த காலத்திலேயே திரையில் பதிவுசெய்தவர்களில் முதன்மையானவர். இவருடைய போர்க்காலப் படங்கள் சண்டைக் காட்சிகளை நம்பி எடுக்கப்பட்டவை அல்ல. மகனை இழந்த தந்தை, கணவனைத் தேடும் மனைவி, ஊரைவிட்டு விரட்டப்பட்ட சிறுவன் ஆகியோரின் அன்றாட வாழ்வின் வழியாகப் போரைக் காட்டியவை. அதனால் தென்னிலங்கையில் ஒரு படம் அரசால் நிறுத்தப்பட்டது. சென்னையில் மற்றொரு படம் எதிர்ப்பால் நிறுத்தப்பட்டது. இருதரப்பிலும் எதிர்ப்பைச் சந்தித்த அந்த நடப்பியல் முறையையும் அதன் வரலாற்றுப் பின்னணியையும் இக்கட்டுரை விளக்குகிறது.

மதுரையில் உருவான முதல் சிங்களப் பேசும்படம்

சிங்கள சினிமாவின் தொடக்கம் தமிழ்நாட்டோடு பின்னிப் பிணைந்தது. முதல் சிங்களப் பேசும்படமான 'கடவுனு பொரொந்துவ' (உடைந்த வாக்குறுதி என்று பொருள்) 1947 ஜனவரியில் கொழும்பில் வெளியானது. ஆனால் அது எடுக்கப்பட்ட இடம் மதுரை. தமிழரான எஸ்.எம். நாயகம் தம்முடைய சித்ரகலா மூவிடோன் படப்பிடிப்பு நிலையத்தில் அதைத் தயாரித்தார். இலங்கையிலிருந்து ருக்மணி தேவி உள்ளிட்ட நாடக நடிகர்கள் வந்து நடித்துச் சென்றனர். அதன்பின் சில ஆண்டுகள் சிங்களப் படங்கள் பெரும்பாலும் தென்னிந்தியப் படப்பிடிப்பு நிலையங்களிலேயே உருவாயின. கதை, பாட்டு, நகைச்சுவை, அரங்க அமைப்பு எல்லாம் தென்னிந்தியப் படங்களின் பாணியிலேயே இருந்தன.

இந்த வழக்கத்தை மாற்றியவர் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ். 1956 டிசம்பரில் வெளியான 'ரேகாவ' படத்துக்காக அவர் படப்பிடிப்பு நிலையத்தை விட்டு வெளியேறி, உண்மையான கிராமத்தில் கேமராவை வைத்தார். அடுத்த ஆண்டு அப்படம் கான் திரைப்பட விழாவுக்குச் சென்றது. சிங்களத் திரையில் நடப்பியல் மரபு இங்கிருந்து வேர்விட்டது. பீரிஸுக்குப் பின் வந்த தலைமுறைகள் அந்த மரபை வளர்த்தன. ஆனால் 1980களுக்குப் பிறகு நாட்டின் நடப்பே போராக மாறியபோது, அந்த மரபு ஒரு சோதனையைச் சந்தித்தது. நாளிதழும் வானொலியும் தணிக்கைக்கு உட்பட்டிருந்த காலத்தில், கண்ணெதிரே நடப்பதைத் திரைப்படம் சொல்ல முடியுமா? விதானகே இக்கேள்விக்குத் தம் படங்களால் விடை தேடினார்.

நாடகத்திலிருந்து திரைக்கு

கொழும்புக்குத் தெற்கே உள்ள பாணந்துறையில் பிறந்த விதானகே, நாடகத்தின் வழியாகக் கலைக்கு வந்தார். 1986-ல் பெர்னார்ட் ஷாவின் 'ஆர்ம்ஸ் அண்ட் தி மேன்' நாடகத்தைச் சிங்களத்தில் மொழிபெயர்த்து இயக்கினார். போர்வீரம் என்ற மிகைக் கற்பனையைக் கேலி செய்யும் நாடகம் அது. 1991-ல் இத்தாலிய நாடகாசிரியர் தாரியோ ஃபோவின் அரசியல் அங்கத நாடகம் ஒன்றையும் மேடையேற்றினார். 1992-ல் 'சிசில கினி கனீ' என்ற முதல் படம் வெளிவந்தது. தொடர்ந்து டால்ஸ்டாயின் 'புத்துயிர்ப்பு' நாவலைத் தழுவி 'அனந்த ராத்திரிய' படத்தையும், பின்னர் 'பவுரு வளலு' படத்தையும் இயக்கினார். இவை தனிமனித மனச்சாட்சியைப் பேசிய படங்கள். போர் அவருடைய கதையின் நடுவுக்கு வந்தது 1997-ல்.

'புரஹந்த களுவர'

'புரஹந்த களுவர' என்ற தலைப்புக்குப் பௌர்ணமியின் இருள் என்று பொருள் கொள்ளலாம். ஜப்பானின் என்.எச்.கே. ஒளிபரப்பு நிறுவனத்தின் ஆதரவில் உருவான இப்படம், இலங்கையின் வறண்ட பகுதிச் சிங்களக் கிராமம் ஒன்றில் நடக்கிறது. வெடித்த நிலம், வற்றிய குளம், மழைக்காகக் காத்திருக்கும் மக்கள் என்று விரியும் அந்த ஊர், கொட்டாம்பட்டி, மேலூர் வட்டாரத்துக் காய்ந்த கண்மாய்க் கரைகளைப் பார்த்தவர்களுக்கு அந்நியமாகத் தோன்றாது.

கதை எளியது. வன்னிஹாமி கண்பார்வை இல்லாத முதியவர். அவருடைய ஒரே மகன் ராணுவத்தில் சேர்ந்தது நாட்டுப்பற்றினால் மட்டும் அல்ல. பாதியில் நிற்கும் வீட்டைக் கட்டி முடிக்கவும் தங்கையின் கல்யாணத்தை நடத்தவும் பணம் வேண்டும். ஒருநாள் மகனின் உடல் என்று ஒரு சவப்பெட்டி ராணுவ மரியாதையுடன் வருகிறது. பெட்டி மூடி முத்திரையிடப்பட்டது, திறக்கக் கூடாது. ஊரே அழுது அடக்கம் செய்கிறது. தந்தை மட்டும் மகன் இறந்ததை ஏற்கவில்லை.

அரசு தரும் இழப்பீடு ஒரு லட்சம் ரூபாய். அதைப் பெற முதியவர் படிவத்தில் கையொப்பமிட வேண்டும். நம் ஊர்க் கிராம நிர்வாக அலுவலரைப் போன்றவரான கிராம சேவகர் வந்து வற்புறுத்துகிறார். கடன் நெருக்குகிறது. குடும்பத்தாரும் அந்தப் பணத்தை எதிர்பார்க்கிறார்கள். இறப்புக்கு முன் மகன் எழுதிய கடிதம் ஒன்று தாமதமாக வந்து சேர, தந்தையின் நம்பிக்கை மேலும் உறுதியாகிறது. கடைசியில் அவர் மண்வெட்டியை எடுத்துக்கொண்டு புதைகுழிக்குச் செல்கிறார். தோண்டி எடுத்த பெட்டிக்குள் உடல் இல்லை. வாழைமரத் துண்டுகளும் கற்களும் இருக்கின்றன.

மகன் உயிரோடு இருக்கிறானா, இல்லையா என்பதைப் படம் சொல்வதில்லை. பெட்டிக்குள் பொய் இருந்தது என்பதை மட்டும் சொல்கிறது. 1996 ஜூலையில் முல்லைத்தீவு ராணுவ முகாம் வீழ்ந்தபோது ஆயிரத்துக்கும் மேற்பட்ட படையினர் கொல்லப்பட்டிருந்தனர். வறண்ட பகுதியின் ஏழைக் கிராமங்களுக்கு மூடிய பெட்டிகள் வந்துகொண்டிருந்த காலம் அது. அந்தக் காலத்தின் பார்வையாளருக்கு வன்னிஹாமியின் கதை கற்பனையாகத் தெரிந்திருக்க வழியில்லை.

வன்னிஹாமியாக நடித்தவர் ஜோ அபேவிக்கிரம (1927–2011). நகைச்சுவை நடிகராகத் தொடங்கி, சிங்களத் திரையின் தலைசிறந்த குணச்சித்திர நடிகராக உயர்ந்தவர். இப்படத்தில் அவர் அதிகம் பேசுவதில்லை. கைத்தடியால் வழி தேடி நடப்பதும், பிறர் பேசும்போது மௌனமாக இருப்பதுமே நடிப்பாகிறது. சிங்கப்பூர்த் திரைப்பட விழாவில் இவ்வேடத்துக்குச் சிறந்த நடிகர் விருது கிடைத்தது. பிரான்சின் அமியான் திரைப்பட விழாவில் படம் முதன்மைப் பரிசு பெற்றது.

தடையும் தீர்ப்பும்

உலக விழாக்களில் பாராட்டப்பட்ட படம் சொந்த நாட்டில் உடனே வெளிவரவில்லை. 2000 ஏப்ரலில் ஆனையிறவு முகாம் புலிகளிடம் வீழ்ந்தது. நாட்டில் அவசரநிலை விதிகள் இறுகின. அந்த ஆண்டில் திரையரங்குகளுக்கு வரவிருந்த 'புரஹந்த களுவர', தணிக்கைச் சான்றிதழ் பெற்றிருந்தும், அரசின் ஆணையால் நிறுத்திவைக்கப்பட்டது. படையினரின் மன உறுதியைக் குலைக்கும், ராணுவத்துக்கு ஆள்சேர்ப்பதைப் பாதிக்கும் என்பது அரசுத் தரப்பின் கவலை.

விதானகே உச்ச நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மீறல் மனு தாக்கல் செய்தார். 2001-ல் நீதிமன்றம் அவருக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தது. படத்தை வெளியிட உத்தரவிட்டதோடு, இயக்குநருக்கு இழப்பீடு வழங்குமாறும் அரசுக்கு ஆணையிட்டது. போர் நடந்துகொண்டிருந்த நாட்டில் ஒரு திரைப்படத்துக்காகக் கருத்துரிமையை நிலைநாட்டிய தீர்ப்பு என்ற முறையில் இது இலங்கைத் திரை வரலாற்றில் முக்கிய இடம் பெறுகிறது.

'இர மெதியம': மூன்று குடும்பங்கள், ஒரே போர்

2003-ல் வெளிவந்த 'இர மெதியம' படத்தில் விதானகே பார்வையை விரிவாக்கினார். இதில் மூன்று கதைகள் அருகருகே செல்கின்றன. காணாமற்போன விமானப்படை விமானியின் மனைவி, ஒரு பத்திரிகையாளரின் துணையோடு கணவனைத் தேடிப் போகிறாள். விடுப்பில் வந்த இளம் சிப்பாய் ஒருவன், அநுராதபுரத்தில் பாலியல் தொழில் நடக்கும் வீட்டுக்குச் சென்று, அங்கே தன் தங்கையைக் காண்கிறான். வடக்கில் வாழும் பதினொரு வயது முஸ்லிம் சிறுவன் அரபாத், புலிகள் விதித்த வெளியேற்ற உத்தரவால் குடும்பத்தோடு ஊரைவிட்டுப் போக நேர்கிறது. அவனுடைய கவலையெல்லாம் தன் நாயைப் பற்றியது.

மூன்றாவது கதைக்குப் பின்னால் உண்மை வரலாறு உண்டு. 1990 அக்டோபரில் வடமாகாண முஸ்லிம்கள் 70,000-க்கும் மேற்பட்டோர் புலிகளால் வெளியேற்றப்பட்டனர். யாழ்ப்பாண நகரில் அவர்களுக்குக் கொடுக்கப்பட்ட அவகாசம் இரண்டு மணி நேரம். தமிழ்ப் பேசும் மக்களுக்குள்ளேயே நடந்த இந்தக் கொடுமையைத் திரையில் காட்டிய படங்கள் மிகச் சில. விதானகே அதை ஒரு சிறுவனின் உயரத்தில் நின்று காட்டினார். மூன்று கதைகளையும் ஒரே படத்தில் வைத்ததன் மூலம், எந்த ஒரு தரப்பின் துயரமும் மற்றொன்றை மறைத்துவிடாதபடி பார்த்துக்கொண்டார்.

இவருடைய படங்கள் பலவற்றுக்குப் படத்தொகுப்பாளர் சென்னையில் பணியாற்றும் ஏ. ஸ்ரீகர் பிரசாத். மதுரையில் தொடங்கிய இருகரைத் திரைத் தொடர்பு இவ்வகையில் தொடர்ந்தது.

'ஒப நெத்துவ ஒப எக்க': சென்னையில் எழுந்த எதிர்ப்பு

போர் 2009 மே மாதம் முடிந்தது. அதற்குப் பிந்தைய வாழ்வைப் பேசும் படம், 2012-ல் வந்த 'ஒப நெத்துவ ஒப எக்க'. தமிழில் 'பிறகு' என்றும் பெயரிடப்பட்டது. தஸ்தயெவ்ஸ்கி 1876-ல் எழுதிய 'சாதுவானவள்' என்ற குறுநாவலைத் தழுவியது. இதே கதையைப் பிரான்சில் ராபர்ட் பிரெஸ்ஸோனும் இந்தியாவில் மணி கௌலும் முன்பே படமாக்கியிருந்தனர். விதானகே அதை இலங்கை மலையகத்தின் ஓர் அடகுக் கடைக்குக் கொண்டுவந்தார்.

அடகுக் கடைக்காரன் சரத்சிறி, சிங்களவன். நகை அடகு வைக்க வரும் செல்வி, போருக்கு அஞ்சி வடக்கிலிருந்து மலையகத்துக்கு அனுப்பப்பட்ட தமிழ்ப்பெண். இருவரும் மணந்துகொள்கிறார்கள். பிறகு அவன் முன்னாள் ராணுவத்தான் என்பது அவளுக்குத் தெரியவருகிறது. ஒரே கூரையின் கீழ் அன்பும் அச்சமும் சேர்ந்து வாழ முடியாமல் போவதே கதை. செல்வியாக நடித்த இந்திய நடிகை அஞ்சலி பாட்டீல், 2012 கோவா சர்வதேசத் திரைப்பட விழாவில் சிறந்த நடிகைக்கான வெள்ளி மயில் விருது பெற்றார்.

2014 ஜூனில் இப்படம் இந்தியாவில் வெளியானபோது, மிரட்டல் வந்ததைத் தொடர்ந்து சென்னையில் திரையிடல் நிறுத்தப்பட்டது. 2009-ன் துயரம் ஆறாத காலம் அது. சிங்களவர் எடுத்த படம் என்பதே எதிர்ப்புக்குப் போதுமான காரணமாகியது. பின்னர் சென்னையில் நடந்த சிறப்புக் காட்சிக்குப் பின் இயக்குநர் பார்வையாளர்களை நேரில் சந்தித்துக் கேள்விகளை எதிர்கொண்டார். தென்னிலங்கையில் படையினருக்கு எதிரானவர் என்று குறைகூறப்பட்ட ஒருவர், சென்னையில் சிங்களவர் என்பதற்காகத் தடுக்கப்பட்டார்.

உக்ரைனிலிருந்து ஓர் ஒப்பீடு

நிகழ்காலப் போரை நடப்பியலாகக் காட்டும் முயற்சி இலங்கைக்கு மட்டும் உரியது அல்ல. உக்ரைனின் கிழக்குப் பகுதியில் 2014-ல் போர் தொடங்கிய பின் அந்நாட்டு இயக்குநர்கள் சிலர் இதே வழியில் நடந்தனர். அவர்களில் வாலன்டின் வாசியானோவிச் குறிப்பிடத்தக்கவர். அவருடைய 'அட்லாண்டிஸ்' (2019) வெனிஸ் விழாவின் ஓரிசோன்டி பிரிவில் சிறந்த படத்துக்கான விருது பெற்றது. போர் முடிந்துவிட்ட 2025-ஆம் ஆண்டைக் கற்பனை செய்யும் படம் அது. முன்னாள் படைவீரன் ஒருவன், புதைந்துகிடக்கும் உடல்களைத் தோண்டி எடுத்து அடையாளம் காணும் தன்னார்வக் குழுவில் சேர்கிறான். அந்த வேடத்தில் நடித்தவர் தொழில்முறை நடிகர் அல்லர். உண்மையாகவே போருக்குச் சென்று திரும்பியவர். கேமரா பெரும்பாலும் அசையாமல் நிற்கிறது. ஓர் உடலைப் பரிசோதித்துக் குறிப்பெழுதும் வேலை நீண்ட நேரம், வெட்டில்லாமல் காட்டப்படுகிறது.

இரு படங்களிலும் மண்ணைத் தோண்டுவதே மையச் செயல். உக்ரைன் படத்தில் உடல் இருக்கிறது, பெயர் இல்லை. இலங்கைப் படத்தில் பெயர் இருக்கிறது, உடல் இல்லை. இரண்டிலும், இறந்தவர் யார் என்பதை உறுதிசெய்யாமல் போர் முடிந்துவிட்டதாகச் சொல்ல முடியாது என்ற எண்ணமே கதையை நடத்துகிறது. விழா மேடையின் இசையும் கொடியும் இல்லாத இடத்தில்தான் இந்த நடப்பியல் தொடங்குகிறது.

விமர்சனங்கள்

விதானகேவின் படங்கள் மீது இருவகை விமர்சனங்கள் உண்டு. சிங்கள தேசியவாதிகள், இவை படையினரின் தியாகத்தைச் சிறுமைப்படுத்துகின்றன என்றனர். 2005-ல் கான் விழாவில் தங்க கேமரா விருது பெற்ற விமுக்தி ஜயசுந்தரவின் 'சுலங்க எனு பினிச' படமும் இதே குற்றச்சாட்டைச் சந்தித்தது.

தமிழ்த் தரப்பின் விமர்சனம் வேறு. 'புரஹந்த களுவர' படத்தில் தமிழர் இல்லை. 'இர மெதியம' படத்தில் முஸ்லிம் சிறுவனின் கதை வரும் அளவுக்குத் தமிழ்க் குடும்பத்தின் கதை வரவில்லை. குண்டுவீச்சில் வாழ்ந்தவர்களின் நேரடிக் குரல் இவற்றில் கேட்கவில்லை என்பது அது. இது புறந்தள்ளக்கூடிய விமர்சனம் அல்ல. தெற்கின் வீட்டு வாசலில் நின்று பார்ப்பவரின் பார்வை அவ்வளவு தூரம்தான் எட்டும். எனினும், தன் சமூகத்தின் வாசலில் நின்று தன் அரசை நோக்கிக் கேள்வி கேட்பது, எதிர்த்தரப்பை நோக்கிக் கேட்பதைவிடக் கடினமானது என்பதையும் சேர்த்தே மதிப்பிட வேண்டும்.

விடுபட்ட பகுதியைப் பிறர் நிரப்பத் தொடங்கினர். அசோக ஹந்தகம 2012-ல் தமிழிலேயே இயக்கிய 'இனி அவன்', யாழ்ப்பாணம் திரும்பும் முன்னாள் போராளியின் கதை. லீனா மணிமேகலையின் 'செங்கடல்', தனுஷ்கோடி மீனவர்களையே நடிக்க வைத்து, பாக் நீரிணையில் போர் ஏற்படுத்திய இழப்பைக் காட்டியது. அதற்கும் தணிக்கை வாரியம் முதலில் சான்றிதழ் மறுத்தது. மேல்முறையீட்டில் 2011-ல் கிடைத்தது. அதன் எழுத்தில் பங்கேற்ற ஈழ எழுத்தாளர் ஷோபாசக்தி, 2015-ல் கான் விழாவின் தங்கப்பனை விருது பெற்ற பிரெஞ்சுப் படமான 'தீபன்' படத்தின் நாயகனாக நடித்தார்.

ஒரு லட்சம் ரூபாயும் ஒரு கேள்வியும்

போர் முடிந்தபின் வன்னிஹாமியின் கேள்வி வடக்கிலும் கிழக்கிலும் கேட்கத் தொடங்கியது. காணாமல் ஆக்கப்பட்டவர்களின் தாய்மார் 2017 முதல் கிளிநொச்சி, வவுனியா போன்ற இடங்களில் தொடர் போராட்டம் நடத்தினர். பிள்ளைகளின் படங்களைக் கையில் ஏந்திச் சாலையோரப் பந்தலில் ஆண்டுக்கணக்காக அமர்ந்தனர். அவர்களில் பலர் பதில் கிடைக்காமலே இறந்தனர்.

2022 மார்ச்சில் இலங்கை அமைச்சரவை, காணாமற்போனோரின் குடும்பத்துக்கு ஒருமுறை உதவித்தொகை வழங்க ஒப்புதல் அளித்தது. தொகை ஒரு லட்சம் ரூபாய். தாய்மார் அதை ஏற்க மறுத்தனர். பணம் வேண்டாம், பிள்ளைக்கு என்ன நடந்தது என்று சொல்லுங்கள் என்பதே அவர்களின் நிலை.

1997-ன் சிங்களப் படத்தில் ஒரு பார்வையற்ற தந்தை கையொப்பமிட மறுத்ததும் இதே ஒரு லட்சம் ரூபாய்க்குத்தான். தொகை ஒன்றாக அமைந்தது தற்செயலாக இருக்கலாம். மறுப்பின் காரணம் தற்செயல் அல்ல. உண்மைக்குப் பதிலாகக் காகிதத்தைக் கொடுத்துக் கணக்கை முடிக்க நினைக்கும்போது, மொழி எதுவானாலும் பெற்றவர் சொல்வது ஒன்றாகவே இருக்கிறது. விதானகேவின் நடப்பியல் காலங்கடந்து நிற்பதற்கு இதுவே காரணம். அவர் எதிர்காலத்தை ஊகிக்கவில்லை. ஒரு குடும்பத்தைக் கவனமாகப் பார்த்தார்.

பிற்கால முயற்சிகள்

போருக்குப் பிந்தைய இலங்கையையும் விதானகே தொடர்ந்து கவனித்தார். 2015-ல் நீதித்துறையில் பெண்களுக்கு இழைக்கப்பட்ட அநீதி பற்றிய ஆவணப்படம் ஒன்றை எடுத்தார். 'காடி' (2019) கண்டி அரசின் கடைசி நாட்களைப் பற்றியது. 'பாரடைஸ்' (2023), மணி ரத்னத்தின் மெட்ராஸ் டாக்கீஸ் வழங்கிய படம். 2022 பொருளாதார நெருக்கடியின்போது ராமாயணச் சுற்றுலாவுக்கு இலங்கை வரும் கேரளத் தம்பதியரின் பொருட்கள் திருட்டுப் போகின்றன. காவல்துறையின் சந்தேகம் உடனடியாகத் தோட்டத் தொழிலாளர்களான மலையகத் தமிழர் மீது திரும்புகிறது. போர் முடிந்து 13 ஆண்டுகள் கழித்தும் சந்தேகம் யார் மீது முதலில் விழுகிறது என்பதை ஒரு திருட்டு வழக்கின் மூலம் படம் காட்டுகிறது. பூசான் திரைப்பட விழாவில் இது கிம் ஜிசோக் விருது பெற்றது.

மதுரை மாவட்டத்தில் ஆனையூர், உச்சப்பட்டி, திருவாதவூர் ஆகிய இடங்களில் இலங்கைத் தமிழர் மறுவாழ்வு முகாம்கள் உள்ளன. போரில் வீடும் உறவும் இழந்து வந்தவர்களும், இங்கேயே பிறந்த அவர்களின் பிள்ளைகளும் அங்கு வாழ்கின்றனர். முதல் சிங்களப் பேசும்படம் எடுக்கப்பட்ட அதே மாவட்டம் இது. அக்கரையின் போரை அறிய விரும்பும் இப்பகுதி மாணவர்களுக்கு, இம்மக்களின் வாய்மொழியோடு சேர்த்துப் பார்க்கத்தக்க சான்றுகளாக விதானகேவின் படங்கள் அமைகின்றன.